சொல்லாமல் விட்ட பாடம்

எனக்கு அப்போது 13 வயது. திண்டுக்கல் பக்கம் ஒரு கிராமம். பாவாடையில் ரத்தத்தைப் பார்த்ததும் ஏதோ தீராத வியாதி என்று நினைத்து மாட்டுக்கொட்டகையில் ஒளிந்துகொண்டு அழுதேன். தேடி வந்த அம்மா எதையும் விளக்கவில்லை. ஓலைக் குடிசை, தாய்மாமன் சீர், மஞ்சள் நீராட்டு எல்லாம் விமரிசையாக நடந்தன. ஊருக்கே செய்தி போயிற்று. எனக்கு மட்டும் யாரும் எதுவும் சொல்லவில்லை.

பெங்களூர் அல்சூருக்குக் குடிவந்து 20 வருடமாகிறது. என் மகளுக்கு அந்தக் கதி வரக்கூடாது என்று நினைத்திருந்தேன். ஆனால் சொல்ல நாக்கு எழவில்லை. பள்ளியில் சொல்லித் தருவார்கள் என்று ஒரு நம்பிக்கை. அங்கேயோ மாணவிகளை மட்டும் தனி அறையில் உட்காரவைத்துப் படம் காட்டி, ஆளுக்கொரு நாப்கின் பாக்கெட் கொடுத்து, 'பையன்களிடம் பேசாதீர்கள்' என்று அனுப்பிவிட்டார்கள். 2007ல் வளரிளம் பருவக் கல்வியை வேண்டாமென்ற மாநிலங்களில் கர்நாடகமும் ஒன்று. அரசுப் பள்ளி மாணவிகளுக்கு இலவச நாப்கின் தரும் 'சுசி' திட்டம் பிறகு அங்கேயே வந்தது. நாப்கின் கொடுப்பது சுலபம், பேசுவதுதான் கஷ்டம் போலும்.

11 வயதில் அவள் எதற்கெடுத்தாலும் எரிந்து விழுந்தாள், கதவைச் சாத்திக்கொண்டு அழுதாள். திமிர் என்று திட்டினேன். ஒருநாள் ராத்திரி, "அம்மா, மார்புல ஒரு பக்கம் மட்டும் கட்டி மாதிரி இருக்கு. கேன்சரா?" என்றாள். மூன்று வாரமாக மறைத்து வைத்திருந்தாளாம். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. அதே மாட்டுக்கொட்டகை!

லேடி டாக்டர் பார்த்துவிட்டுச் சிரித்தார். மார்பு வளர்ச்சி 8 வயதிலிருந்து 13 வயதுக்குள் தொடங்கலாம்; முதலில் ஒரு பக்கம் மட்டும் வருவது சகஜம்; மாதவிலக்கு பெரும்பாலும் அதன்பின் இரண்டு, இரண்டரை வருடத்தில் வரும்; ஆரம்பத்தில் தேதி முன்னேபின்னே இருக்கும்; கோபமும் அழுகையும்கூட இந்த வயதின் மாற்றங்களோடு சேர்ந்ததுதான் என்றார். "முன்னாடியே சொல்லியிருக்கலாமே" என்றபோது தலைகுனிந்தேன்.

அன்றிரவு நோட்டின் பின்பக்கத்தில் கருப்பையை வரைந்து காட்டினேன். மாதாமாதம் அதன் உட்சுவர் தடிப்பதையும், கரு தங்காவிட்டால் உதிர்வதையும் சொன்னேன். "வலிக்குமா?" "தம்பிக்கும் மாறுமா?" என்று கேட்டுக்கொண்டே இருந்தாள். கடைசியில், "பாட்டி உனக்கு இதெல்லாம் சொன்னாங்களா?" என்றாள். இல்லையென்றேன். "பாவம்மா நீ" என்று என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

மறுநாள் போனில் அம்மாவிடம் இதைச் சொன்னேன். கொஞ்சநேரம் பேச்சே இல்லை. பிறகு மெதுவாக, "எனக்கு மட்டும் யாருடி சொன்னா?" என்றாள்.