‘விளையாடாத’ என்னும் பெயரெச்சம்

2025 அக்டோபரில் திருவனந்தபுரம் காரியவட்டம் கிரீன்ஃபீல்டு அரங்கில் கேரளமும் மகாராஷ்டிரமும் ரஞ்சிக் கோப்பை ஆட்டமொன்றில் மோதின. கேரளப் பல்கலைக்கழகத்தின் நிலத்தில் எழுந்த அரங்கம் அது. மகாராஷ்டிரம் 18 ஓட்டங்களுக்குள் 5 விக்கெட்டுகளை இழந்து தத்தளித்தபோது, ருதுராஜ் கெய்க்வாடுடன் நின்று அணியைக் கரையேற்றியவர் ஜலஜ் சக்சேனா. 49 ஓட்டங்கள். முந்தைய பருவம் வரை அவர் கேரள அணிக்காரர். அந்த ஆட்டத்தின் வர்ணனையில் இருந்த சலில் அங்கோலாவும் சேத்தன் சர்மாவும், இவர் ஏன் இந்தியாவுக்கு ஒருமுறைகூட விளையாடவில்லை என்று வியந்துகொண்டார்கள். வேடிக்கை என்னவென்றால், இருவருமே தேசியத் தேர்வுக்குழுவில் இருந்தவர்கள். அதையும் அவர்களே சொல்லிக்கொண்டார்கள். அந்தக் காணொளித் துணுக்கைப் பலரும் பகிர்ந்தார்கள், பெரும்பாலோர் சிரித்தார்கள்.

எனக்கு அதில் சிக்கிக்கொண்டது ஒரு சொல்வடிவம். சக்சேனாவைப் பற்றித் தமிழில் எழுதுவோர் அவர் பெயருக்கு முன் தவறாமல் வைக்கும் அடை ‘இந்தியாவுக்கு விளையாடாத’ என்பது. இலக்கணம் இதை எதிர்மறைப் பெயரெச்சம் என்கிறது. உடன்பாட்டில் காலம் மூன்றாகப் பிரிகிறது: விளையாடிய, விளையாடுகிற, விளையாடும். எதிர்மறையில் மூன்றுக்கும் ஒரே வடிவம்தான். நேற்று விளையாடாதவர், இன்று விளையாடாதவர், இனி ஒருநாளும் விளையாடப் போகாதவர் எல்லோரும் ‘விளையாடாத’ என்னும் ஒற்றைச் சொல்லுக்குள் அடங்கிவிடுகிறார்கள். (‘விளையாடியிராத’ என்று துணைவினை சேர்த்துக் காலத்தைச் சுட்ட முடியும். ஆனால் செய்தி எழுதுபவர் எவரும் அவ்வளவு மெனக்கெடுவதில்லை.) பத்தொன்பது வயதில் நம்பிக்கையோடு காத்திருந்தவருக்கும் முப்பத்தெட்டு வயதில் காத்திருப்பதையே நிறுத்திவிட்டவருக்கும் மொழி ஒரே அடைமொழியைக் கொடுக்கிறது.

இன்னொன்றும் உண்டு. எதிர்மறை ஒருபோதும் வெறுமையிலிருந்து பிறப்பதில்லை. அதற்கு அடியில் ஓர் எதிர்பார்ப்பு கிடக்கிறது. என்னை யாரும் ‘இந்தியாவுக்கு விளையாடாத ஆய்வாளர்’ என்று அறிமுகப்படுத்துவதில்லை. விளையாடியிருக்க வேண்டியவர் என்று பலரும் நம்பிய ஒருவருக்கே அந்த அடை பொருந்தும். அந்த வகையில் அது ஒரு பாராட்டு. ஆனால் விந்தையான பாராட்டு: செய்தவை அனைத்தையும் பின்னுக்குத் தள்ளிவிட்டு நிகழாத ஒன்றை முன்னிறுத்துகிறது.

செய்தவை எவை? 1986 டிசம்பரில் பிறந்த சக்சேனா இந்தூர்க்காரர். மத்தியப் பிரதேசத்துக்கு 2005 முதல் ஆடி, 2016-17 பருவத்தில் கேரளத்துக்கு வந்தார். தொடக்க ஆட்டக்காரராகவும் இறங்குவார், நாள் முழுவதும் ஆஃப் ஸ்பின்னும் வீசுவார். 2019 செப்டம்பரில் இதே காரியவட்டத்தில் தென்னாப்பிரிக்கா ஏ அணிக்கு எதிராக இந்தியா ஏ அணியில் ஆடி, ஆட்டமிழக்காமல் 61 எடுத்தார். தேசியச் சீருடைக்கு மிக அருகில் அவர் வந்த தருணங்களுள் அது ஒன்று. ஐபிஎல்லில் பல அணிகள் அவரை ஏலத்தில் எடுத்திருக்கின்றன. களத்தில் இறங்கியது 2021இல் பஞ்சாப் கிங்ஸுக்காக ஒரே ஓர் ஆட்டம். 2024 நவம்பரில் தும்பா செயின்ட் சேவியர்ஸ் கல்லூரி மைதானத்தில் உத்தரப் பிரதேசத்துக்கு எதிராக ஐந்து விக்கெட் வீழ்த்தியபோது, ரஞ்சிக் கோப்பையில் 6000 ஓட்டங்களும் 400 விக்கெட்டுகளும் சேர்த்த முதல் ஆட்டக்காரர் ஆனார். 1934-35இல் தொடங்கிய போட்டி அது. அத்தனை ஆண்டுகளில் வேறெவரும் செய்யாததை அவர் செய்தார். (இங்கே அதே எதிர்மறை மற்றவர்கள்மீது போய் உட்கார்ந்துகொள்வதைக் கவனிக்கலாம்.)

காரணத்தைத் தேடினால் முதலில் கிடைப்பது ஒரு பிறந்தநாள். ரவிச்சந்திரன் அஸ்வினும் 1986இல்தான் பிறந்தார், மூன்று மாதம் முன்பு. அவரும் மட்டையாளராகத் தொடங்கி ஆஃப் ஸ்பின்னரானவர். இருந்தது ஓர் இடம். அதில் 537 டெஸ்ட் விக்கெட் எடுத்த ஒருவர் அமர்ந்திருந்தார். திருவனந்தபுரத்துக்கு இந்தக் கதை புதிதல்ல. இவ்வூர்க்காரரான கே. என். அனந்தபத்மநாபன் எண்பதுகளின் இறுதியிலிருந்து கேரளத்துக்கு லெக் ஸ்பின் வீசியவர். முதல்தர ஆட்டங்களில் 344 விக்கெட் எடுத்தார், இரட்டைச் சதமும் அடித்தார். அவர் காலத்து லெக் ஸ்பின்னர் அனில் கும்ப்ளே. அதுவும் அடுத்த மாநிலம், அதே தென்மண்டலம். மண்டலக் குழுவிலேயே அவருக்கு முன்னால் கும்ப்ளே நின்றார். தேர்வுக்குழுவின் பாரபட்சம் என்று எளிதாகச் சொல்லிவிடலாம். எனக்கு அது போதுமான விளக்கமாகப் படவில்லை. பதினொரு இடங்கள் மட்டுமே உள்ள ஓர் உச்சியைத் தவிர வேறெதையும் வாழ்க்கை என்று எண்ண மறுக்கும் அமைப்பே முதல் காரணம்.

அமெரிக்க பேஸ்பாலில் உச்சிக்குக் கீழே உள்ள அடுக்குகளுக்குப் பெயரே மைனர் லீக், சிறு லீக். நான்கு படிகளில் 120 அணிகள். மேலே பெரிய லீக்கில் 30 அணிகள், அணிக்கு 26 பேர். அங்கும் பெரும்பாலோர் மேலே போவதில்லை. அங்கே கிடைக்கும் மிகச் சிறிய அளவு ‘ஒன்று’. ஆர்ச்சி கிரஹாம் என்னும் வெளிக்கள ஆட்டக்காரர் 1905 ஜூன் 29 அன்று நியூயார்க் ஜயண்ட்ஸ் அணிக்காக ஓர் ஆட்டத்தின் கடைசிப் பகுதியில் வலப்புறம் போய் நின்றார். மட்டை பிடிக்க அவர் முறை வருமுன் இன்னிங்ஸ் முடிந்துவிட்டது. பிறகு சிறு லீக்குகளிலேயே ஆடி, மினசோட்டாவின் சிஷோம் என்னும் சுரங்க ஊரில் நெடுங்காலம் மருத்துவராக இருந்தார். ஆயினும் அவர் ‘பெரிய லீக்கில் விளையாடிய’ கிரஹாம். ஒரு பந்தையும் அடிக்காமலே அவருக்கு இறந்தகாலம் கிடைத்துவிட்டது. நம்முடைய அமைப்பில் கீழடுக்குக்குச் சூட்டியிருக்கும் பெயரோ ‘முதல்தர கிரிக்கெட்’. பெயரில் முதல்தரம், நடைமுறையில் காத்திருப்போர் அறை.

இதைப் படிப்பவர்களில் பாதிப்பேர் கல்லூரிகளில் இருப்பவர்கள் என்பதால் இதையும் சொல்லிவிடுகிறேன். பதினைந்தாண்டுகள் பாடம் நடத்தி, பலரை ஆய்வுக்கு அனுப்பிவைத்த கௌரவ விரிவுரையாளரை நாம் எப்படி அறிமுகப்படுத்துகிறோம்? ‘இன்னும் நிரந்தரமாகாத.’ அதே விகுதி, அதே காலமின்மை.

2025 பிப்ரவரியில் அகமதாபாத்தில் நடந்த அரையிறுதியில் குஜராத்தின் கடைசி மட்டையாளர்களுள் ஒருவர் அடித்த பந்து சல்மான் நிசாரின் தலைக்கவசத்தில் பட்டு எழும்பி சச்சின் பேபியின் கைகளில் விழுந்தது. கேரளம் 457, குஜராத் 455. அந்த இரண்டு ஓட்ட முன்னிலையால் கேரளம் முதன்முறையாக ரஞ்சி இறுதிக்குப் போயிற்று. இங்கே அந்தத் தலைக்கவசத்தைப் பற்றி எல்லோரும் பேசினார்கள், நியாயம்தான். அந்த இன்னிங்ஸில் சக்சேனா நான்கு விக்கெட் எடுத்திருந்தார்.

அனந்தபத்மநாபன் ஓய்வுக்குப் பின் நடுவரானார். 2021 மார்ச்சில் அதே அகமதாபாத்தில் இந்தியாவும் இங்கிலாந்தும் ஆடிய டி20 ஆட்டத்தில் களத்தின் நடுவே நின்று, யார் ஆட்டமிழந்தார், யார் இல்லை என்று விரலுயர்த்திச் சொன்னார். மறுநாளும் அவர் இந்தியாவுக்கு விளையாடாத அனந்தபத்மநாபன்தான்.