தந்தையின் காலடி

மாலை நேரம். தெருவிலே செருப்பின் ஓசை கேட்கிறது. அதுவரை ஓடியாடிச் சிரித்துக்கொண்டிருந்த பிள்ளைகள் வாய்மூடி, ஆளுக்கொரு மூலையில் புத்தகத்துடன் அமர்கின்றனர். மகள் அடுக்களைக்குள் மறைகிறாள். தாய் செம்பில் நீர் கொண்டுவந்து வைக்கிறாள். தந்தை வந்துவிட்டார்!

சில தலைமுறைகளுக்கு முன்பு தமிழ்நாட்டு வீடுகள் பலவற்றில் அன்றாடம் நிகழ்ந்த காட்சி இது. அந்த அமைதிக்கு மரியாதை என்று பெயரிட்டனர். அதில் மரியாதை இருந்தது உண்மை, அச்சமும் இருந்தது. பிள்ளைக்கு வேண்டியதைத் தந்தையிடம் எடுத்துரைக்கத் தாய் தூது சென்றாள். தந்தையின் விடையையும் அவளே கொண்டுவந்தாள். ஒரே கூரையின்கீழ் வாழ்ந்தவர்க்கிடையே தூது தேவைப்பட்டது.

தமிழர் வாழ்வில் தந்தை எக்காலத்தும் இப்படித் தொலைவில் நின்றவரல்லர். புறநானூற்றிலே பாண்டியன் அறிவுடைநம்பி பாடிய பாட்டு ஒன்று உண்டு. தளர்நடையிட்டு வந்து, கலத்துச் சோற்றை அளைந்து, உடம்பெல்லாம் பூசிக்கொள்ளும் குழந்தையைக் கண்டு மகிழாதவனுக்கு எத்துணைச் செல்வம் இருந்தும் பயனில்லை என்பது அதன் கருத்து. முடிமன்னன் ஒருவன் சோறு சிந்தும் குழந்தையை அருகிருந்து கண்டிருக்கிறான்! அதே நூலில் பொன்முடியார் என்னும் புலவர், மகனை நற்பண்புடையவனாக வளர்க்கும் பொறுப்பைத் தந்தைக்கு உரியதாக வைத்துப் பாடினார். குழந்தையைக் கண்டு களித்தலும், அதனை நெறிப்படுத்தி வளர்த்தலும் ஆகிய இரண்டும் தந்தைக்கு உரியனவாகவே பண்டைத் தமிழர் எண்ணினர்.

பிற்காலத்திலும் தொழில் வீட்டிலேயே நடந்தவரை தந்தை அருகிலேயே இருந்தார். கைத்தறி நெசவாளர் ஒருவரின் இல்லத்தை எண்ணிப் பார்க்கலாம். தந்தை தறிக்குழியில் கால்களை விட்டு அமர்ந்து நெய்கிறார். பக்கத்தில் சிறுவன் தார் சுற்றுகிறான். அறுந்த இழையை எவ்வாறு முடிவது, பாவை எவ்வளவு இறுக்கமாக வைப்பது என்பனவற்றை அவன் தந்தையின் கைகளைப் பார்த்தே கற்றுக்கொள்கிறான். உழவர் மகன் ஏரின் பின்னும், தச்சர் மகன் இழைப்புளியின் அருகிலும் இவ்வாறே கற்றனர். தந்தையே ஆசிரியர், வீடே பள்ளி.

எனினும், அந்த நெருக்கத்திற்கும் குறைகள் இருந்தன. தந்தையின் தொழிலையன்றி வேறொன்றை விரும்பும் உரிமை மகனுக்கு இல்லை. மகளோ வேறு வீட்டுக்குச் செல்பவள் எனக் கருதப்பட்டாள். தறியின் அருகே தொட்டிலில் குழந்தை அழுதாலும், எழுந்து சென்று தூக்குதல் தாயின் வேலையாகவே இருந்தது. கைகள் அருகில் இருந்தன. ஆனால் அவை தொட்டிலை நோக்கி நீளவில்லை.

பின்னர்க் கூலியும் சம்பளமும் தரும் வேலைகள் பெருகின. ஆலையின் சங்கொலியும் அலுவலகத்தின் மணியும் தந்தையை வீட்டிலிருந்து அழைத்துச் சென்றன. பலரை வறுமை கடல் கடக்கவும் செய்தது. பர்மாவுக்கும் மலேயாவுக்கும் சென்ற ஆடவர் பலர், மனைவி மக்களை ஊரிலேயே விட்டுச் சென்றனர். 1970-களுக்குப் பின் வளைகுடா நாடுகள் அவ்வாறே பலரை ஈர்த்தன. ஈராண்டுக்கு ஒருமுறை பெட்டியோடு வந்து இறங்கும் தந்தையைக் கண்டு, ‘யாரோ அயலார்’ என்று தாயின் பின்னே ஒளிந்துகொண்ட குழந்தைகள் எத்தனை! அக்குழந்தைக்காகவே பாலைவன வெயிலில் உழைத்த தந்தைக்கு, அது தன் கைக்கு வர மறுத்த அந்தக் கணம் எவ்வளவு துன்பம் தந்திருக்கும்! அவரிடம் அன்பு இல்லை என்று எவரும் சொல்லார். அவர் ஊருக்கு அனுப்பிய பணத்தில் அன்பு இருந்தது. ஆனால், பணத்தால் அந்த அன்பைப் பேசிக் காட்ட இயலவில்லை.

தொலைவிலிருந்தும் அன்பைப் பேசவைத்த தந்தையர் உண்டு. 1928-ஆம் ஆண்டுக் கோடையில், பத்து வயதுச் சிறுமியாகிய இந்திரா முசூரி மலைநகரில் இருந்தார். அலகாபாத்திலிருந்த ஜவாகர்லால் நேரு, உலகம் தோன்றிய வரலாற்றை மகளுக்குக் கடிதங்களாக எழுதினார். பின்னர் 1930 முதல் 1933 வரை, பெரும்பாலும் சிறையிலிருந்தே, உலக வரலாற்றையும் அவ்வாறே எழுதினார். சிறைக்கதவால் தந்தையைத் தடுக்க முடிந்தது. தந்தைமையைத் தடுக்க முடியவில்லை.

மகளுக்காக ஊராரின் எதிர்ப்பைத் தாங்கிய தந்தையரும் உண்டு. 1886-இல் புதுக்கோட்டையில் பிறந்த முத்துலட்சுமி, ஆண்களே பயின்றுவந்த கல்லூரியில் சேர்ந்து படித்தார். பெண்ணுக்கு உயர்கல்வி எதற்கு என்று பலர் கேட்ட அக்காலத்தில், அவருடைய தந்தை நாராயணசாமி மகளின் கல்விக்குத் துணை நின்றார். 1912-இல் அம்மகள் சென்னை மருத்துவக் கல்லூரியில் பட்டம் பெற்று, டாக்டர் முத்துலட்சுமி ஆனார். பிற்காலத்தில் சென்னை சட்டமன்ற மேலவையின் உறுப்பினராகிப் பெண்களின் நலனுக்காகப் போராடினார். அடையாற்றில் புற்றுநோய் மருத்துவமனை தோன்றவும் காரணமானார். தன் மகளுக்காக ஒரு தந்தை திறந்த கதவின் வழியே, பிறர் மகளிர் பலரும் பயன் பெற்றனர்.

இன்று மாற்றம் மேலும் ஒரு படி சென்றுள்ளது. கூட்டுக் குடும்பங்கள் குறைந்தன; பெண்கள் வேலைக்குச் செல்கின்றனர். குழந்தையைப் பார்த்துக்கொள்ளப் பாட்டியும் அத்தையும் அருகில் இல்லாத வீடுகளில் தந்தையின் கை தேவைப்படுகிறது. தலைவாரிவிடும் தந்தையும், சோறூட்டும் தந்தையும், பள்ளி வாயிலில் காத்து நிற்கும் தந்தையும் இன்று அரிய காட்சியல்லர். மைய அரசின் ஆண் ஊழியர்க்கு மனைவியின் மகப்பேற்றை ஒட்டி 15 நாள் விடுப்பு உண்டு. ஆனால், நாட்கூலி பெறும் தந்தைக்கு அத்தகைய விடுப்பு இல்லை. குழந்தையைக் காண அவர் ஒரு நாள் தங்கினால், அன்றைய கூலி போய்விடும். நெஞ்சில் அன்பு இருந்தும் நேரம் வாய்க்காத தந்தையர் இன்றும் பலர்.

சட்டமும் இம்மாற்றத்தை உணர்ந்துள்ளது. 1956-இல் இயற்றப்பட்ட இந்து இளவர் மற்றும் காப்பாளர் சட்டம், குழந்தையின் இயற்கைக் காப்பாளர் தந்தை என்றும், அவருக்குப் பின் தாய் என்றும் கூறியது. 1999-இல் உச்ச நீதிமன்றம் அதற்கு விளக்கம் தந்தது. தந்தை உயிரோடு இருந்தாலும், குழந்தையின் நலனைக் கவனியாதவராக இருப்பின், தாயே காப்பாளராகலாம் என்பது அத்தீர்ப்பின் சாரம். தந்தைமை என்பது பெயரால் மட்டும் நிலைப்பதன்று. பேணுதலால் நிலைப்பது என்ற உண்மை இதில் அடங்கியுள்ளது.

குழந்தையைத் தூக்கிச் சீராட்டினால் ஆண்மைக்கு இழுக்கு என்றும், தோழனைப் போலப் பழகினால் பிள்ளை மதிக்க மாட்டான் என்றும் சிலர் அஞ்சுவர். அவ்வச்சம் பொருளற்றது. நள்ளிரவில் காய்ச்சலால் துடிக்கும் குழந்தையின் நெற்றியில் ஈரத்துணியை மாற்றி மாற்றி வைத்து விழித்திருக்கும் தந்தையை அக்குழந்தை மறக்குமா? மறுநாள் அவர் ஒரு தவற்றைச் சுட்டிக்காட்டினால், அச்சொல்லை அது தட்டுமா? அச்சத்தால் வந்த பணிவு தந்தை கண்மறைந்தவுடன் மறைந்துவிடும். அன்பால் வந்த பணிவோ அவர் இல்லாத இடத்திலும் பிள்ளையைக் காத்து நிற்கும். கண்டிப்பு வேண்டாம் என்பது இதன் பொருளன்று. கண்டிக்கும் கையே அணைக்கும் கையாகவும் இருத்தல் வேண்டும்.

பிள்ளைகளுக்கும் இதில் கடமை உண்டு. முந்தைய தலைமுறைத் தந்தையர் பேசாமலே அன்பு செலுத்தினர். தமக்கு ஒரு சட்டையைக் குறைத்துக்கொண்டு பிள்ளைக்குப் புத்தகம் வாங்கினர். தேர்வில் வென்ற செய்தியைப் பிள்ளையிடம் பாராட்டாமல், ஊர்முழுதும் சொல்லி மகிழ்ந்தனர். அவர்களுடைய மௌனத்தைப் படிக்கக் கற்பதும் கல்வியே.

மாலை நேரம். தெருவிலே செருப்பின் ஓசை கேட்கிறது. புத்தகத்தை வைத்துவிட்டு மகள் வாயிலுக்கு ஓடுகிறாள். அன்று பள்ளியில் நடந்ததை அவளே தந்தையிடம் சொல்லத் தொடங்குகிறாள். இப்போது அவர்களுக்கிடையே தூது வேண்டியதில்லை. ஓசை அதே ஓசைதான். அதைக் கேட்டுப் பிள்ளைகள் ஒளிவதும் ஓடிவருவதும் தந்தையின் கையில் இருக்கின்றன.