ரைசர் கட்டையும் அப்பாவின் மூன்றுகாலும்

என் உள்ளங்கையில் அடங்கிவிடக்கூடிய ஓர் அலுமினியத் துண்டினால் ஒரு பெண்ணின் ஓராண்டு உழைப்பு வீணானது. அதை வாங்கிக் கொடுத்தவன் நான். இதை எழுதலாமா வேண்டாமா என்று பல நாள் தயங்கினேன். 'எழுதுங்க மாமா, இன்னொருத்தராவது தப்பிச்சுக்கட்டும்' என்று அவளே சொல்லிவிட்டபடியால் எழுதுகிறேன்.

அவள் எனக்கு மருமகள் முறை. 1964இல் கையெழுத்தான ஸ்ரீமாவோ - சாஸ்திரி ஒப்பந்தத்தின்படி எங்கள் தோட்டத்திலிருந்து கப்பலேறிய குடும்பங்களுள் என் அத்தையின் குடும்பமும் ஒன்று. எழுபதுகளில் அவர்கள் கோத்தகிரிப் பக்கம் போய்ச் சேர்ந்தார்கள். அங்கும் தேயிலைதான். அத்தையின் பேத்தி கோயம்புத்தூரில் கல்லூரியில் சேர்ந்து, பத்து மீட்டர் ஏர் ரைபிள் பழகத் தொடங்கினாள். தேயிலைக் கூடை சுமந்த பரம்பரையில் துவக்குத் தூக்கிய முதல் ஆள் அவள்தான். (நாங்கள் துவக்கு என்கிறோம், அவள் ரைபிள் என்கிறாள்.) கடலூரில் பிறந்த இளவேனில் வாலறிவன் 2019இல் ரியோ உலகக் கோப்பையில் தங்கம் வென்ற செய்தியை நான்தான் அவளுக்கு நறுக்கி அனுப்பினேன். அவள் வழிதவறியதில் பத்திரிகைத் தொழிலுக்கும் பங்குண்டு என்று அவள் தாயார் இன்றும் சொல்வார்.

இந்த விளையாட்டில் தொலைநோக்கி பொருத்திச் சுட அனுமதியில்லை. பின்னால் நுண்துளையுள்ள ஒரு வட்டு, முன்னால் ஒரு வளையம். இரண்டின் வழியாகக் கரும்புள்ளியைப் பார்க்க வேண்டும். நின்றபடி சுடுபவர் கழுத்தை வளைத்துக் கன்னத்தைக் கட்டையில் அழுத்தினால் கழுத்துத் தசை இறுகும், சமநிலை கெடும். ஆகவே தலையை நிமிர்த்தி வைத்துக்கொண்டு, குறிநோக்கியைக் கண்ணின் உயரத்துக்குத் தூக்குகிறார்கள். அப்படித் தூக்குவதற்காகக் குறிநோக்கிக்கும் துப்பாக்கிக்கும் நடுவே வைக்கும் துண்டுதான் ரைசர் கட்டை. வேட்டைத் துவக்கில் தொலைநோக்கி பொருத்துவோரும் இதே கட்டையைத்தான் தேடுகிறார்கள்.

அவளுக்குக் கழுத்து நீளம். பயிற்சியாளர் ரைசர் போடச் சொன்னார். நான் அப்போது சென்னைக்குப் போயிருந்தேன். ஒரு கடையில் உயரத்தைக் கூட்டவும் குறைக்கவும் வசதியுள்ள ஒன்றைக் கண்டேன். பளபளப்பாக இருந்தது; விலையும் கூடுதல். விலை கூடியது நல்லதாகத்தான் இருக்கும் என்ற நடுத்தர வர்க்கத்து நம்பிக்கை எனக்கும் உண்டு. வாங்கிக் கொடுத்தேன். ஓராண்டு கழித்துத் தேர்வுப் போட்டியில் முதல் இருபது குண்டுகள் வரை முன்னணியில் இருந்தவள், அதன்பின் மெல்ல மெல்ல இடப்பக்கம் விலகிப் போனாள். திருகைத் திருப்பிச் சரிசெய்தாள், மறுபடி விலகியது. தன் கைதான் தளர்கிறது என்று நினைத்தாளாம். அணியில் இடம் கிடைக்கவில்லை.

அந்த ஏப்ரலில் தாத்தாவைப் பார்க்கப் பொல்பிட்டியவுக்கு வந்தாள். துப்பாக்கியைக் கொண்டுவர இயலாது. கட்டையை மட்டும் கழற்றிப் பென்சில் பெட்டியில் போட்டு எடுத்து வந்திருந்தாள், ஏன் என்று அவளுக்கே தெரியாமல்.

பொல்பிட்டிய என்றால் சிங்களத்தில் தென்னந்திடல் என்று ஏறக்குறையப் பொருள். நுவரெலியாவின் குளிரை எதிர்பார்த்து வருபவர்கள் இங்கே ஏமாந்து போவார்கள். மழையும் புழுக்கமுமான தாழ்ந்த மலை. 1969இல் இயங்கத் தொடங்கிய நீர்மின் நிலையத்தால்தான் வெளியூரார் இப்பெயரை அறிவார்கள். லக்சபானவிலிருந்து மலையைக் குடைந்து வரும் தண்ணீர் இங்கே இறங்கிச் சுழலிகளைச் சுற்றுகிறது. அந்த வேலை நடந்தபோது என் தந்தை இருபது வயதைக் கடந்த இளைஞர். நில அளவையாளரின் கருவிப் பெட்டியையும் மூன்றுகாலையும் சுமந்து மலையேறி, அளவுகோல் பிடிப்பது அவர் வேலை. எண்பதைத் தாண்டிய பின்னும் எதைப் பேசினாலும் அந்த மூன்றுகாலில் வந்து முடிப்பார். பள்ளத்துல ரெண்டு காலு, மேட்டுல ஒரு காலு. மிதிச்சு இறக்கு. எட்டுனா போதும், அதுக்கு மேல தூக்காதே. இந்த மூன்று வாக்கியங்களையும் சிறுவயதில் நான் ஆயிரம் முறை கேட்டு அலுத்திருக்கிறேன்.

அவள் கட்டையை எடுத்துக் காட்டியபோது அப்பா மூக்குக்கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டார். மேற்புறத்தை அவர் பார்க்கவேயில்லை. கவிழ்த்து, அடிப்புறத்தைச் சன்னல் வெளிச்சத்தில் சாய்த்தார்.

"இது எதுல நிக்குது பிள்ளை?"

"ரைபிள் மேல இருக்கிற ரெயில்ல, தாத்தா."

"ரெயில்ல முழுசா நிக்கலியே. இங்க பாரு, ரெண்டு எடத்துல மட்டும் மினுங்குது. மத்த எடமெல்லாம் கறுப்பு அப்படியே இருக்கு. ரெண்டு முனையில நிக்கிற சாமான் ஆடாம என்ன செய்யும்?"

நாங்கள் இருவரும் குனிந்து பார்த்தோம். கறுப்புப் பூச்சு தேய்ந்த இரண்டு சிறு புள்ளிகள் மூலைக்கொன்றாக மின்னின. ஓராண்டாக அந்தக் கட்டை துப்பாக்கியைத் தொட்டுக்கொண்டிருந்தது அந்த இரண்டு இடங்களில் மட்டுமே. உயரத்தை மாற்றும் நடுத்தண்டிலும் ஒரு மெல்லிய ஆட்டம் இருந்தது. கையால் அசைத்தால் தெரியாது, நகத்தால் தட்டினால் ஒலியில் தெரிந்தது.

அன்றிரவு நான் கணக்குப் போட்டேன். முன் குறிநோக்கிக்கும் பின் குறிநோக்கிக்கும் இடையே 80 சென்டிமீட்டர் என்று வைத்துக்கொள்வோம். பின்னது ஒரு தாளின் தடிப்பு, அதாவது 0.1 மில்லிமீட்டர் நகர்ந்தால், பத்து மீட்டர் தொலைவில் குண்டு 1.25 மில்லிமீட்டர் விலகும். அந்த இலக்கில் வளையத்துக்கு வளையம் 2.5 மில்லிமீட்டர்தான், நடுவிலுள்ள பத்துப் புள்ளியின் விட்டமே அரை மில்லிமீட்டர். ஆகத் தாளளவு அசைவுக்கு அரைப் புள்ளி போகிறது. 2008இல் பெய்ஜிங்கில் அபினவ் பிந்த்ரா தங்கம் வென்ற வித்தியாசம் 0.8 புள்ளி: அவர் 700.5, சீனத்தின் சூ சினான் 699.7.

பிந்த்ராவின் கதையில் அதைவிடப் பொருத்தமான பகுதி ஒன்றுண்டு. இறுதிச் சுற்றுக்கு முன் பழகிப் பார்க்கச் சுட்ட குண்டு நாலு புள்ளி வளையத்தில் போய் விழுந்தது என்று அவரே சொல்லியிருக்கிறார். யாரோ குறிநோக்கியைத் தொட்டிருக்கிறார்கள் என்பது அவருடைய ஐயம். மேற்சொன்ன கணக்கின்படி பார்த்தால் ஒரு மில்லிமீட்டருக்குச் சற்றுக் கூடுதலான நகர்வே அதற்குப் போதும். அவர் பதறாமல் சரிசெய்துகொண்டு, கடைசிக் குண்டை 10.8இல் இறக்கினார். நான்காண்டு முன்னர் ஏதென்ஸில் அவர் காலடியில் ஓடு ஒன்று தளர்ந்திருந்ததாம், அங்கே ஏழாமிடம். அத்தகைய ஆடும் தரையைத் தேடிப் பயிற்சி செய்தவர் அவர். என் மருமகளுக்குக் காலடி ஆடவில்லை, கண்ணடி ஆடியது. தவறு பொருளில் இருக்கக்கூடும் என்று அவளுக்குத் தோன்றாததற்குக் காரணம், அதை மாமா வாங்கிக் கொடுத்தார் என்பதுதான். அதுதான் என்னை இன்றுவரை உறுத்துகிறது.

உயரத்துக்கு ஆசைப்பட்டு அடிபட்டவர்களில் பெரியவர் ஒருவர் தஞ்சாவூரில் இருக்கிறார். இந்தியாவை முக்கோணங்களால் அளந்த வில்லியம் லாம்டன், சமவெளித் தென்னைகள் பார்வையை மறைத்ததால், அரை டன் எடையுள்ள தன் தியோடலைட்டைக் கோயில் கோபுரங்களின் மேலேற்றி அளந்தார். 1808இல் தஞ்சைப் பெரிய கோயிலில் கயிறு அறுந்து கருவி சுவரில் மோதியது; வட்டத் தகடு நெளிந்தது. ஆறு வாரம் கூடாரத்துக்குள் அடைந்து கிடந்து மரச் சுத்தியலால் தட்டித் தட்டி நிமிர்த்தினாராம். அப்பாவிடம் இதைச் சொன்னேன். "கோபுரம் ஆடாது. கயிறுதான் ஆடும்" என்றார். தியோடலைட் என்ற சொல்லைக் கேட்டதும் அவர் முகம் மலர்ந்ததைப் படம் எடுக்காமல் விட்டுவிட்டேன்.

கட்டையைத் தேர்ந்தெடுக்க நாங்கள் பிறகு கைக்கொண்ட முறையையும் சொல்லிவிடுகிறேன். முதலில் கண்ணை மூடிக்கொண்டு துப்பாக்கியைத் தோளில் ஏற்றி, தலை இயல்பாக எங்கே நிற்கிறதோ அங்கே நிறுத்திக் கண்ணைத் திறப்பது. அப்போது எவ்வளவு உயரம் குறைகிறதோ அவ்வளவு மட்டுமே கட்டை. கூடுதலாக ஒரு மில்லிமீட்டரும் வேண்டாம். உயரம் ஏற ஏற, அதே இடிக்கு அடியிலுள்ள திருகின் மேல் விழும் பளு கூடும். முன்னும் பின்னும் ஒரே அளவு. ஒரே உலோகத்தில் கடைந்தெடுத்த ஒற்றைத் துண்டு. நகரும் உறுப்பு எதுவும் கூடாது. ரெயிலை நீளமாகப் பற்ற வேண்டும். ஒரு திருகு போதாது, இரண்டு வேண்டும். பொருத்துமுன் எண்ணெயைத் துடைத்துவிட்டு, பொருத்தியபின் கட்டையும் ரெயிலும் சேருமிடத்தில் குறுக்கே ஒரு மெல்லிய கோடு கிழித்து வைப்பது; நகர்ந்தால் கோடு காட்டிக் கொடுத்துவிடும். ஒரு வாரம் சுட்டபின் ஒருமுறை கழற்றி அடிப்புறம் எங்கெல்லாம் மினுங்குகிறது என்று பார்ப்பது. இந்தக் கடைசி விதி அப்பாவுடையது. தொலைவு மாறி மாறிச் சுடுபவர்களுக்கு இன்னொன்று: குழலுக்கு நாலு சென்டிமீட்டர் மேலே குறிநோக்கி இருந்து, பத்து மீட்டருக்குச் சரிசெய்திருந்தால், ஐந்து மீட்டரில் குண்டு ஏறக்குறைய இரண்டு சென்டிமீட்டர் தாழப் படும். பந்தயத்தில் தொலைவு மாறாது. தோட்டத்தில் பன்றி விரட்டுபவருக்கு மாறும்.

புதிய கட்டையின் விலை பழையதில் பாதிகூட இல்லை. பார்க்கவும் அழகில்லை. அதை அவள் தன் பணத்தில் வாங்கினாள். நான் கொடுக்க முன்வந்தபோது "நீங்க சும்மா இருங்க மாமா" என்றாள். சிரித்துக்கொண்டுதான் சொன்னாள்.

அடுத்த தேர்வுப் போட்டியன்று மாலை நான் பொல்பிட்டியவில் இருந்தேன். தொலைபேசி ஒலித்ததும் அப்பா என் கையிலிருந்து அதைப் பறித்துக்கொண்டார். எத்தனை புள்ளி, இடம் கிடைத்ததா என்றெல்லாம் அவர் கேட்கவில்லை.

"கோடு ஒத்து நிக்குதா பிள்ளை?"

ஒத்து நிற்கிறது என்று அவள் சொல்லியிருக்க வேண்டும். அவர் தலையாட்டிவிட்டுத் தொலைபேசியை என்னிடம் நீட்டினார். புள்ளிகளை நான்தான் கேட்டுத் தெரிந்துகொண்டேன். பழைய கட்டை இப்போது அவர் மேசையில் இருக்கிறது. ஓய்வூதியத் தாள்கள் மழைக்காற்றில் பறக்காமலிருக்க அதை அவற்றின்மேல் வைத்திருக்கிறார்.