மூன்று ஆண்டும் மூன்று மாதமும்

என் தம்பியின் ஓட்டுநர் உரிமத்தில் சிவப்பு மையினால் எழுதப்பட்ட நான்கு வரிகள், எங்கள் குடும்பத்தை மூன்றாண்டுகளுக்கும் மேலாக வாட்டின என்றால் வாசகர்களுள் சிலர் நகைக்கக்கூடும். வண்டிச் சக்கரத்தை நம்பி அடுப்பெரிக்கும் இல்லத்தார் நகைக்கமாட்டார்கள்.

1996-ஆம் ஆண்டு, ஆடி மாதத்து அதிகாலை. வாடகை வேன் ஓட்டி வந்த தம்பி, எங்கள் ஊர்க் குளக்கரை வளைவில், முன்னே சென்ற பேருந்தை முந்த முயன்றான். எதிரே சைக்கிளில் வந்த பால்காரர், மோதலுக்கு அஞ்சிப் பள்ளத்தில் குதித்துவிட்டார். இறையருளால் அவருக்குக் காயமில்லை. இரண்டு கேன் பாலும் சாலையில் ஓடிற்று. சைக்கிளின் முன்சக்கரம் வளைந்து போயிற்று.

அபாயகரமாக ஓட்டியதற்காக மோட்டார் வாகனச் சட்டத்தின் 184-ஆம் பிரிவின்கீழ் வழக்குத் தொடரப்பட்டது. நவம்பரில் தீர்ப்பு. தம்பி குற்றத்தை ஒப்புக்கொண்டான். அபராதமும், மூன்று மாதம் வாகனம் ஓட்டத் தகுதியிழப்பும் விதித்த நீதிபதி, அவற்றை உரிமத்தில் குறிக்கவும் ஆணையிட்டார். ஓட்டுநர்கள் 'எண்டார்ஸ்மெண்ட்' என்று சொல்லி அஞ்சும் மேற்குறிப்பு அதுவே. சிறு தவறுக்கு இணக்கக் கட்டணம் செலுத்திவிட்டு வீடு திரும்புவது வேறு. நீதிமன்றத்தின் தீர்ப்பு உரிமத்தில் ஏறுவது வேறு.

மூன்று மாதம் கழிந்து வேலை தேடிச் சென்றால், வண்டி உரிமையாளர் எவரும் முதலில் புரட்டியது அந்தப் பக்கத்தைத்தான். கையில் ஒரு குழந்தை, மனைவியோ நிறைமாதம். ஓரிரவு அவன் என்னிடம் வந்து திண்ணையில் அமர்ந்தான்.

"அண்ணே, உரிமம் தொலைந்துவிட்டதென்று எழுதிக் கொடுத்தால் புதிது தருவார்களாமே?"

"தருவார்கள் தம்பி, அந்தச் சிவப்பு வரிகளையும் சேர்த்தே தருவார்கள்."

அக்காலத்தில் யான் வழக்கறிஞர் ஒருவரிடம் எழுத்தராக இருந்தமையால், 1988-ஆம் ஆண்டுச் சட்டப் புத்தகம் கைக்கெட்டும் தூரத்தில் இருந்தது. அதன் 25-ஆம் பிரிவை அவனுக்கு வாசித்துக் காட்டினேன். புதிய உரிமமோ நகல் உரிமமோ எது பெற்றாலும் மேற்குறிப்பும் அதற்கு மாற்றி எழுதப்படும். அதை மறைத்து விண்ணப்பிப்பவருக்கு, 182-ஆம் பிரிவின்படி, மூன்று மாதம் வரை சிறையும் அன்று ஐந்நூறு ரூபாய் வரை அபராதமும் விதிக்கலாம். பெற்ற உரிமமும் செல்லாது. (2019-ஆம் ஆண்டுத் திருத்தம் அவ்வபராதத்தைப் பத்தாயிரம் ரூபாயாக உயர்த்தியது.)

ஆயினும் அதே பிரிவில் ஆறுதலும் இருந்தது. மேற்குறிப்புக்குப் பின் தொடர்ந்து மூன்று ஆண்டுகள் வேறு மேற்குறிப்பு ஏறாதிருந்தால், பழைய உரிமத்தை ஒப்படைத்துவிட்டு, கறையற்ற புதிய உரிமம் பெற உரிமையுண்டு. வேக வரம்பை மீறியது மட்டுமே குற்றமென்றால் ஓராண்டு போதும். தகுதியிழந்திருந்த நாட்கள் இக்கணக்கில் சேரா. ஆகவே என் தம்பிக்கு மூன்று ஆண்டும் மூன்று மாதமும். இடையில் இன்னொன்று ஏறினால் அன்றிலிருந்து மறுபடியும் முதல் நாள்!

அந்நாட்கள் எளிதாகக் கழியவில்லை. குறைந்த கூலிக்குச் செங்கல் ஏற்றினான். முகூர்த்தத்திற்கு நேரமாகிறதென்று திருமண வீட்டார் விரட்டியபோதும் வேகமுள் நாற்பதைத் தாண்டவில்லையாம். அதனால் பேசிய வாடகையில் பாதியை இழந்தான். எங்கள் அம்மா மாதந்தோறும் நாட்காட்டித் தாளொன்றைக் கிழித்து அரிசிப் பானைக்கு அடியில் வைத்தார்கள். எதற்கென்று எவரும் கேட்கவில்லை.

மூன்றாண்டு கடந்தால் எழுத்து தானாக மறைந்துவிடும் என்று நம்புவோர் பலர். அவ்வாறன்று, நாமே சென்று கேட்கவேண்டும். 2000-ஆம் ஆண்டு பிப்ரவரி இறுதியில் இருவரும் வட்டாரப் போக்குவரத்து அலுவலகம் சென்றோம். சட்டத்தில் எழுதியிருந்த கட்டணம் ஐந்தே ரூபாய். பழைய புத்தகத்தைக் கொடுக்கும்போது தம்பியின் கை சற்றே தயங்கியதைக் கண்டேன். ஏனென்று அவனும் சொல்லவில்லை.

இன்று உரிமம் அட்டையாகிவிட்டது. 2019-ஆம் ஆண்டுத் திருத்தம் நாடு முழுவதற்கும் உரிமங்களின் ஒரே பதிவேட்டுக்கும் வழிசெய்தது. ஓர் ஊரில் கெட்ட பெயரை அடுத்த ஊரில் மறைக்கலாம் என்ற பழைய எண்ணம் இனி எடுபடாது.

புதிய உரிமம் வந்த மறுநாள் காலை, வழக்கம்போல் பால்காரர் வந்தார். தம்பி ஓடிச்சென்று அவரிடம் அதை விரித்துக் காட்டினான். அவர் கையைத் துடைத்துக்கொண்டு வாங்கி, வெற்றுப் பக்கத்தை இருபுறமும் திருப்பிப் பார்த்தார்.

"உம்ம புத்தகம் வெள்ளையாயிட்டுது தம்பி; நல்லது. புதுச் சக்கரம் நீர்தான் வாங்கித் தந்தீர். ஆனா என் சைக்கிள் இன்னும் இடப்பக்கமாத்தான் இழுக்குது" என்று சிரித்தபடி பாலை அளந்து ஊற்றினார்.