ரோஜாப்பூ படமும் ஜன்னலோரச் சீட்டும்

கொஞ்சம் நீளமான பதிவு. வேலையெல்லாம் முடித்துவிட்டு ஆற அமரப் படித்தால் போதும்.

பள்ளியிலிருந்து ஓய்வு பெற்றபின் எனக்கு வாய்த்த முக்கியமான வேலை, தினமும் காலை ஐந்தரை மணிக்கு 312 பேருக்கு ரோஜாப்பூ படம் அனுப்புவது. செவ்வாய் என்றால் முருகன், வெள்ளி என்றால் அம்மன், மற்ற நாளெல்லாம் ரோஜா. கீழே, "இந்த நாள் உங்களுக்கு வெற்றி நாளாக அமையட்டும்." படமும் என்னுடையதில்லை, வாசகமும் என்னுடையதில்லை. நடைப்பயிற்சி நண்பர்கள் அனுப்புவதை இரண்டு பட்டியலாகப் பிரித்து அப்படியே தள்ளிவிடுவேன். காபி ஆறுவதற்குள் 312 பேரையும் வாழ்த்தி முடித்திருப்பேன்.

போன ஆவணியில் ஒரு கல்யாண வீட்டில் பழைய மாணவன் ஒருவனைப் பார்த்தேன். வேலம்பாளையம் பக்கம் ஜாப் ஒர்க் எடுத்துத் தைத்துக் கொடுக்கிறான். "என்னப்பா, நான் அனுப்பற வாழ்த்தெல்லாம் வருதா?" என்று கேட்டேன். ஒரு நல்ல வார்த்தை கேட்கும் ஆசைதான்.

"வருதுங்கய்யா. ஆனா பாக்கறதில்லீங்க" என்றான். என் முகம் போன போக்கைப் பார்த்துவிட்டு, "வரலைன்னாத்தானுங்க பாப்பேன். ஐயாவுக்கு ஒடம்பு கிடம்பு சரியில்லையோன்னு" என்றான்.

சிரித்துவிட்டேன். முப்பத்து நான்கு வருடம் நான் வருகைப் பதிவேடு எடுத்தேன். இப்போது அவன் எனக்கு எடுக்கிறான். தினமும் காலையில் "உள்ளேன் ஐயா" சொல்வது நான்தான் போலிருக்கிறது.

பந்தியில் பக்கத்து இலையில் உட்கார்ந்தான். அப்போதுதான் விஷயம் வந்தது. அமெரிக்கா 50 சதவீத வரி போட்ட அந்த ஆகஸ்ட் கடைசி வாரத்தில் அவனுக்கு வந்துகொண்டிருந்த ஆர்டர் நின்றுபோயிருக்கிறது. பதினெட்டு டெய்லர்களை, "அடுத்த வாரம் சொல்றனுங்க" என்று வீட்டுக்கு அனுப்பியிருக்கிறான். அன்று காலையிலும் அவன் போனில் என் ரோஜாப்பூ இருந்திருக்கிறது. வெற்றி நாள். அதை அவன் ஒரு குறையாகவே சொல்லவில்லை. ரசத்துக்கு இலையைக் காட்டிக்கொண்டே சொன்னான். எனக்குத்தான் அதற்குமேல் சோறு இறங்கவில்லை.

தமிழ் வாத்தியாருக்கு வாழ்த்துச் சொற்கள் பஞ்சமா? ஐங்குறுநூற்றின் தொடக்கமே வாழ்த்துத்தானே. ஓரம்போகியார் பாடிய வேட்கைப் பத்து. நெல் விளையட்டும், பால் சுரக்கட்டும், பசி இல்லாமல் போகட்டும், நோய் தூரப் போகட்டும், களவு இல்லாமல் இருக்கட்டும், மழை பெய்யட்டும் என்று ஒவ்வொன்றாகக் கேட்கிறாள் தலைவி. "எல்லா நலமும் வளமும்" என்று ஒரே மூட்டையாகக் கட்டிவிடவில்லை. இத்தனைக்கும் கணவன் அவளை விட்டுப் பரத்தையிடம் போயிருக்கிற நேரம் அது. பத்தாம் வகுப்பில் இதைச் சொல்லிக் கொடுத்தபோது நான் கவனித்ததெல்லாம் துறையும் இலக்கணக் குறிப்பும்தான்.

ஔவையார் கதை உங்களுக்குத் தெரியும். சோழனின் முடிசூட்டு விழாவில் எல்லோரும் நீட்டி முழக்க, கிழவி மட்டும் வரப்பு உயரட்டும் என்று சொல்லிவிட்டு உட்கார்ந்தாளாம். வரப்பு உயர்ந்தால் வயலில் தண்ணீர் நிற்கும், தண்ணீர் நின்றால் நெல் வளரும், அப்படியே ஏறி அரசன் வரைக்கும் போகும். அதைத் திருப்பூருக்கு மாற்றினால் என்ன வரும் என்று ஒரு நாள் யோசித்தேன். "நூல் விலை நிற்கட்டும்." நூல் விலை நின்றால் நிட்டிங் ஓடும், சாயப்பட்டறை ஓடும், கட்டிங் மேசைக்குத் துணி வரும், டெய்லருக்குச் சனிக்கிழமை சம்பளம் கைக்கு வரும், மளிகைக் கடைக்காரர் பாக்கி நோட்டை மூடுவார். நூல் விலை ஏற்றத்தைக் கண்டித்து 2022 மே மாதம் இரண்டு நாள் ஊரே கதவடைத்ததை மறந்திருக்க மாட்டீர்கள். இந்த வாழ்த்தின் அருமை திருப்பூர்க்காரனுக்குத்தான் தெரியும்.

நம் கொங்குக் கல்யாணங்களில் மங்கல வாழ்த்து பாடுவார்களே, அதுவும் இந்த வகைதான். நாவிதர் குலத்துப் பெரியவர் நின்று பாட, அடிக்கு ஒரு தட்டு மேளம் விழும். கம்பர் எழுதிக் கொடுத்தது என்பது செவிவழிச் செய்தி. எங்கள் அப்பாரு காலத்தில் அதை முழுக்கக் கேட்டுவிட்டுத்தான் சாப்பிடப் போவார்கள். மாப்பிள்ளை வீடு, பெண் வீடு, பந்தல், சீர் என்று அந்தக் கல்யாணத்தையே கண்முன் சொல்லிக்கொண்டு போய்த்தான் வாழ்த்துக்கு வரும். இப்போது பாதி இடங்களில் போட்டோகிராபர் அவசரப்படுத்துகிறார்.

பொங்கல் வாழ்த்து அட்டை ஞாபகம் இருக்கிறதா? தாத்தாவுக்கு ஜோடி மாடு, சித்தப்பாவுக்கு எம்.ஜி.ஆர்., பெரியம்மாவுக்குச் சிவாஜி, அப்பத்தாவுக்கு முருகன். கடை வாசலில் நின்று யாருக்கு எது என்று பொறுக்குவோம். எம்.ஜி.ஆர். ரசிகருக்குச் சிவாஜி அட்டை போய்விட்டால் அடுத்த பொங்கல்வரை பேச்சு இருக்காது. உள்ளே எழுதுவது எல்லோருக்கும் ஒரே வரிதான். அந்தப் பொறுக்கல்தான் வாழ்த்து.

வழக்கமான சொற்களை நான் பழிக்கவில்லை. நம் பக்கம் போனை எடுத்தாலே "வாழ்க வளமுடன்" என்கிறோம். நெசவாளர் குடும்பத்தில் பிறந்து ஆழியாற்றில் மையம் கண்ட வேதாத்திரி மகரிஷி பரப்பிய சொல் அது. அவரே கூட, குடும்பத்தார், நண்பர், பகைவர் என்று ஆளை மனதில் நிறுத்தித்தான் வாழ்த்தச் சொன்னார். நான்தான் பட்டியலை நிறுத்திக்கொண்டேன்.

ஆக, புரட்டாசியிலிருந்து ஒரு சோதனை. தினமும் நான்கு பேர் மட்டும். அவரவருக்கு என்று யோசித்து என் கைப்பட ஒரு வரி. பனியன் கம்பெனியில் செக்கிங்கில் இருக்கும் ஒரு பெண்ணுக்கு எழுதினேன்: "இன்னிக்கு வேலை நேரத்துக்கு முடிஞ்சு, பஸ்ஸுல உக்கார எடம் கெடைக்கட்டும் கண்ணு." இரவு ஏழு மணிக்குக் குரல் பதிவு வந்தது. பின்னால் ஹாரன் சத்தம். "ஐயா, எடம் கெடைச்சுதுங்க! ஜன்னலோரம்!" சாயப்பட்டறை மாஸ்டர் ஒருவருக்கு, "லேப்பில் வந்த ஷேடே லாட்டிலும் வரட்டும்." அவர், "இதை எங்க மொதலாளிக்கும் அனுப்புங்கய்யா" என்றார். முட்டி அறுவை சிகிச்சை முடிந்த என் பழைய சக ஆசிரியருக்கு, "நேற்றைவிட இன்று நான்கு படி கூடுதலாக." அவர் ஆறு படி என்று பதில் போட்டார். கணக்கு வாத்தியார், எதிலும் விட்டுக்கொடுக்க மாட்டார்.

எனக்குத் தலைக்கனம் ஏறிவிட்டது. அந்த வேகத்தில் தங்கை மகளுக்கு ஒன்று எழுதினேன். (அவளிடம் கேட்டுவிட்டுத்தான் இதைப் போடுகிறேன்.) கல்யாணமாகி ஆறு வருடம். "அடுத்த பொங்கலுக்குள் உன் வீட்டில் தொட்டில் ஆடட்டும்." எழுதிவிட்டு நானே இரண்டு முறை படித்துப் பார்த்தேன், அவ்வளவு பிடித்திருந்தது.

பதில் இல்லை. தீபாவளிக்கு வீட்டுக்கு வரவில்லை. கார்த்திகையில் தங்கைதான் போனில், "என்னண்ணா அவளுக்கு எழுதின?" என்று கேட்டாள்.

நேரில் போனேன். காபி வைத்துக் கொடுத்துவிட்டு எதிரில் உட்கார்ந்தாள். "நான் உங்ககிட்ட அதைக் கேட்டனுங்களா மாமா? பாக்கறவங்க எல்லாரும் அதையேதான் சொல்றாங்க. உங்க ரோஜாப்பூ ஒண்ணுதான் அதைச் சொல்லாம இருந்துச்சு" என்றாள்.

என்னிடம் வார்த்தை இல்லை. ரோஜாப்பூவுக்கு இப்படி ஒரு பெருமை இருப்பதே அன்றுதான் தெரிந்தது.

கொஞ்ச நேரம் கழித்து அவளே எழுந்து பின்பக்க அறையைத் திறந்து காட்டினாள். ஒரு ஓவர்லாக், ஒரு பேட்லாக். நகையை அடகு வைத்து வாங்கி நான்கு மாதமாகிறது. குழந்தைகளுக்கான பனியன் உடுப்புகள் தைத்துக் கடைகளுக்குப் போடுகிறாள். துணி மூட்டைகளுக்கு நடுவில் நடக்க வழியில்லை. நான்கு மாதமாக அந்த வீட்டுக்குப் போய் வந்தவர்கள் யாரும், நான் உட்பட, அந்தக் கதவுக்குப் பின்னால் என்ன சத்தம் என்று கேட்கவில்லை.

கிளம்பும்போது வாசலில் நின்று சொன்னேன்: "அம்மிணி, இந்த ரூம்பு உனக்குப் பத்தாமப் போகட்டும்."

சிரித்துவிட்டாள். "இப்பவே பத்தலீங் மாமா" என்றாள்.

பந்தியில் பக்கத்து இலைக்காரனுக்கு இன்னும் எழுதவில்லை. என்ன எழுதுவது என்று தெரியாததால் போன் செய்தேன். பதினெட்டில் பதினோரு பேர் திரும்பிவிட்டார்களாம். மீதி ஏழு பேரின் பெயரைக் கேட்டு எழுதி வைத்திருக்கிறேன்.

நாளை முதல் 312 பேருக்கும் ரோஜாப்பூ வராது. நாளைக்கு நான்கு பேர் கணக்கில் எல்லோருக்கும் முறை வர 78 நாள் ஆகும். அதுவரை வரவில்லையே என்று பயந்து யாரும் போன் செய்ய வேண்டாம், நன்றாகத்தான் இருக்கிறேன். செய்தால், இன்றைக்கு உங்களுக்கு என்ன வேலை என்று மட்டும் சொல்லிவிடுங்கள்.