வழக்கை ஏன் மீட்டுக்கொண்டோம்?



நம்ம ஆலயத்து அன்னதானக் கொட்டகையை உடைக்கச் சொல்லி வந்த நோட்டீஸை எதிர்த்து, உயர் நீதிமன்றத்தில் போட்டிருந்த சீராய்வு மனுவை மீட்டுக்கொண்டோம். சேதி வெளியானதிலிருந்து வாட்ஸ்அப்பில் என்னென்னவோ ஓடுது. "கமிட்டிக்காரங்க விலை போயிட்டாங்க" என்பது வரைக்கும் வந்தாச்சு. தொண்டர்கள் நாங்கள் பேசாமல்தான் இருந்தோம். ஆனால் வெள்ளிக்கிழமை பூஜை முடிந்ததும், வழக்கு நிதிக்கு மாதாமாதம் பத்து வெள்ளி போட்ட பாட்டி ஒருவர் வந்து, "தம்பிகளா, ஆத்தாவ விட்டுக் குடுத்துட்டீங்களா?" என்று கேட்டார். அவருக்குச் சொன்னதையே எல்லாருக்கும் சொல்லிவிடுகிறோம்.

விட்டுக் கொடுக்கலை. நாம் வழக்குப் போட்டது அந்த ஒரு நோட்டீஸ் மேல்தான். நகராண்மைக் கழகம் அதை மீட்டுக்கொண்டு கடிதம் கொடுத்துவிட்டது. நோட்டீஸே இல்லாதபோது நீதிபதி எதை ரத்து செய்வார்? வாய்வார்த்தையை நம்பாதீங்க என்று நம் வழக்கறிஞர் சொல்லியிருந்ததால், கடிதம் கைக்கு வருகிற வரை நாங்கள் அசையவில்லை. செலவுத் தொகை யாரும் யாருக்கும் கட்ட வேண்டாம் என்று முடிந்தது. நாளைக்கே புது நோட்டீஸ் வந்தால், மூன்று மாதத்துக்குள் புது மனு போடலாம். அந்தக் கதவு மூடலை.

இன்னொன்று. சீராய்வில் நீதிமன்றம் பார்ப்பது, அதிகாரிகள் எடுத்த முடிவு சட்டப்படி, முறைப்படி எடுத்ததா என்பதைத்தான். ஜெயித்திருந்தாலும் நிலப்பட்டா நம்ம கைக்கு வந்திருக்காது. நிலம் மாநில அரசின் அதிகாரம். நகராண்மைக் கழகம் நினைத்தாலும் தர முடியாது. தோட்டத்துக் கோயில்கள் பலவற்றின் தலைவலியே இதுதான். துரை இடம் காட்டினார், நம்ம ஆளுங்க கோயில் கட்டினாங்க, தோட்டம் கைமாறினப்போ பத்திரத்தில் கோயில் இல்லை. சீபீல்ட் மாரியம்மன் கோயிலில் 2018 நவம்பரில் நடந்ததை யாரும் மறந்திருக்க மாட்டீர்கள். தெருவில் இறங்குவோம் என்று துடித்த தம்பிகளிடம், அப்படி ஒரு ராத்திரி நமக்கு வேண்டாம் என்றுதான் சொன்னோம். கோபப்பட்டார்கள். படட்டும்.

இனி நில அலுவலகத்தில் மனு கொடுக்கப் போகிறோம். எத்தனை நாள் ஆகும் என்று வாக்குக் கொடுக்க மாட்டோம். கோயில் எத்தனை காலமாக இங்கே இருக்கிறது என்பதற்குக் காகிதம் வேண்டும். பழைய திருவிழா நோட்டீஸ், நன்கொடை ரசீது, கோயில் வாசலில் எடுத்த படம், எது இருந்தாலும் கொண்டு வாங்க. பாட்டியிடம் கல்யாணப் படம் இருக்கிறதாம். மாப்பிள்ளைக்குப் பின்னால் அந்தப் பழைய தகரக் கூரை தெரியுமாம்.

வெள்ளிக்கிழமை பூஜைக்குப் பிறகு ஆபீசில் இருப்போம். நகல் எடுத்துக்கொண்டு அசலை அப்போதே திருப்பிக் கொடுத்துவிடுவோம். வழக்குச் செலவுக் கணக்கு அறிவிப்புப் பலகையில் ஒட்டியிருக்கிறது. சந்தேகம் இருந்தால் நேரில் வந்து கேளுங்க.