பாலைவனத்தில் கிடந்த கறுப்பு முத்துக்கள்

கொதிக்கக் கொதிக்கப் பிளேன்டி ஊற்றியதும் கண்ணாடிக் கிளாஸ் 'டிக்' என்று வெடித்த அனுபவம் உங்களுக்கும் இருக்கும். சூட்டுக்கு இப்படி அஞ்சும் கண்ணாடி பிறந்ததோ நெருப்பில். அதன் தாய் மணல். தொழிற்சாலையோ உலையோ இல்லாமல் மணல் கண்ணாடியாகிக் கிடக்கும் ஓர் இடம் அரபு மண்ணில் உண்டு. வாருங்கள், மனதால் அங்கே ஒருமுறை போய் வருவோம்.

சவூதி அரேபியாவின் தெற்கே பரந்து கிடக்கும் மணற்கடல்தான் றுப்உல் காலி. அங்கே 'வபார்' என்றொரு நகரம் இருந்ததாகவும், அதன் மன்னன் செய்த அநியாயத்தால் வானத்திலிருந்து நெருப்பு இறங்கி அது எரிந்து போனதாகவும் நாடோடி அரபிகள் பரம்பரையாகச் சொல்லி வந்தார்கள்.

1930இல் இஸ்லாத்தைத் தழுவி அப்துல்லாஹ் எனப் பெயர் சூட்டிக்கொண்ட ஆங்கிலேயர் ஜோன் பில்பி, 1932இல் ஒட்டகங்களோடு அந்நகரைத் தேடிச் சென்றார். அங்கே மதிலும் இல்லை, மாளிகையும் இல்லை. மணலிலே பெரும் பள்ளங்கள்தான் இருந்தன. அவற்றில் பெரியது 100 மீற்றருக்கும் கூடிய அகலம் கொண்டது. சுற்றிலும் கறுத்த கசடுகளும் பளபளக்கும் சின்னஞ்சிறு கறுப்பு மணிகளும் சிதறிக் கிடந்தன. கூடப் போன அரபிகள் ஆசையோடு அவற்றைப் பொறுக்கினார்கள். ஆத் மன்னனின் மனைவியர் அணிந்த முத்துக்கள் தீயில் கருகிவிட்டன என்பது அவர்களின் எண்ணம். பில்பியோ அந்த இடத்தை எரிமலை வாய் என்று நினைத்தார்.

இரண்டுமே பிழை. அவர் கொண்டு சென்ற இரும்புத் துண்டை இலண்டனில் ஆராய்ந்தபோது, அது விண்கல்லின் துண்டு என்று தெரிய வந்தது. அங்கிருந்து எடுத்த 2000 கிலோவுக்கும் கூடிய பெருந்துண்டு ஒன்று பின்னர் ரியாத் நூதனசாலையைச் சேர்ந்தது.

தூய மணல் உருக ஏறக்குறைய 1700 பாகை செல்சியஸ் வெப்பம் வேண்டும். நம் வீட்டு அடுப்பில் அது நடவாது. தொழிற்சாலைகளில் சோடாச் சாம்பல் கலந்து, குறைந்த சூட்டிலேயே மணலை உருகச் செய்கிறார்கள். சுண்ணாம்புக்கல்லும் சேர்ப்பார்கள், இல்லாவிட்டால் அந்தக் கண்ணாடி தண்ணீரில் கரைந்துவிடும். வபாரில் இவை எதுவும் தேவைப்படவில்லை. விண்கல் மோதிய வேகமே வெப்பமாகி, கண்மூடித் திறப்பதற்குள் மணலை உருக்கிவிட்டது. விண்கல்லின் இரும்பு கலந்ததால் கண்ணாடி கறுத்தது. தெறித்த துளிகள் விரைவாகக் குளிர்ந்து 'முத்துக்கள்' ஆயின. உருகாத மணலோ மோதலின் அழுத்தத்தில் இறுகி வெண்கல்லாயிற்று.

உங்கள் கிளாஸ் வெடிப்பதும் வெப்பத்தின் வேலைதான். உட்பக்கம் சட்டென்று சூடாகி விரிகிறது. வெளிப்பக்கம் இன்னும் குளிர்ந்தே இருக்கிறது. இந்த இழுபறியைக் கண்ணாடியால் தாங்க முடிவதில்லை. முதலில் கொஞ்சம் வெதுவெதுப்பான நீரூற்றிக் கிளாஸைச் சூடாக்கிக்கொண்டால் ஆபத்துக் குறையும்.

இனி அந்த 'முத்துக்களுக்கு' வருவோம். ஹூத் (அலை) அவர்களைப் பொய்ப்பித்த ஆத் கூட்டத்தார் நெருப்பால் அழிக்கப்படவில்லை. ஏழு இரவுகளும் எட்டுப் பகல்களும் வீசிய கடுங்காற்றால் அழிந்தார்கள் என்று அல்குர்ஆனின் 69ஆம் அத்தியாயம் கூறுகிறது. அந்த மோதலோ சுமார் 300 ஆண்டுகளுக்கு முன்புதான் நிகழ்ந்திருக்கும் என்று ஓர் ஆய்வு காட்டுகிறது. ஆத் கூட்டத்தாரோ மூஸா (அலை) அவர்களுக்கும் முந்தியவர்கள். அப்படியிருக்க, கறுப்பு மணிகளைக் கண்டதும் அவர்களின் கதையை அதில் ஒட்டிவிட்டார்கள்.

இன்று கைத்தொலைபேசியில் வரும் 'அதிசயப்' படங்களிலும் இதுதானே நடக்கிறது? உண்மையா என்று பாராமலே "சுப்ஹானல்லாஹ்" போட்டு நாலு பேருக்கு அனுப்பிவிடுகிறோம். வரும் செய்தியைத் தீர விசாரிக்கும்படி ஸூரத்துல் ஹுஜ்ராத் நமக்குக் கட்டளையிட்டிருக்கிறது. பிள்ளைகள் அத்தகைய படமொன்றைக் கொண்டுவந்து காட்டினால், இந்த வபார் முத்துக்களின் கதையைச் சொல்லிக் கொடுங்கள்.

1932இல் 12 மீற்றர் ஆழமிருந்த பெரிய பள்ளத்தைக் காற்று மணலால் மெல்ல மெல்ல மூடி வந்திருக்கிறது. ஒரு கைப்பிடி மணல் நொடியில் கண்ணாடியாவதே படைத்தவனின் வல்லமைக்குப் போதுமான அத்தாட்சி. அதற்கு நாம் பொய்க்கதை சேர்க்க வேண்டியதில்லை.